போனில் பழைய கேம்: எந்த ஃபைலைப் பிரிக்க வேண்டும், எதைப் பிரிக்கக் கூடாது?

"அண்ணே, ஃபுல்லா இறங்கிருச்சு. ஆனா கேமக் காட்ட மாட்டேங்குது."

முழுப்பரீட்சை லீவு விட்டு, மதுரையே சித்திரைத் திருவிழாவுக்குத் தயாராகிற நாட்களில், செல்லூரில் இருக்கும் என் மொபைல் சர்வீஸ் கடையில் அதிகம் காதில் விழுவது இதுதான். உடைந்த டிஸ்பிளேயோடு வருகிறவர்களைவிட இதற்காக வருகிற பையன்கள் அதிகமோ என்று சில நாள் தோன்றும். போனை வாங்கிப் பார்த்தால் ஃபைல் பத்திரமாக இருக்கும், எமுலேட்டரிலும் கோளாறு இருக்காது. இரண்டுக்கும் நடுவில் ஒரு சின்ன வேலை பாக்கி இருக்கும். இல்லையென்றால், செய்யக் கூடாத வேலை ஒன்றைச் செய்து வைத்திருப்பார்கள்.

எமுலேட்டர் என்பது பழைய கேம் கருவி ஒன்றின் வேலையை உங்கள் போனைச் செய்ய வைக்கிற ஆப். கருவிதான் அதற்குள் இருக்கும், கேம் இருக்காது. நம் பக்கம் அதிகம் ஓடுவது பிபிஎஸ்எஸ்பிபி. சோனி நிறுவனம் 2004 டிசம்பரில் ஜப்பானில் வெளியிட்ட பிஎஸ்பி என்ற கையடக்கக் கருவியின் கேம்களை இது ஓட்டும். ஸ்வீடனைச் சேர்ந்த ஹென்ரிக் ரிட்கார்ட் தொடங்கிய இந்த ஆப்பின் முதல் பதிப்பு 2012 நவம்பரில் வந்தது. இலவசம்தான், சோர்ஸ் கோடும் யார் வேண்டுமானாலும் பார்க்கலாம். காசு கொடுத்து வாங்குகிற கோல்டு பதிப்பு ஒன்றும் உண்டு. கேம் ஓடுவதில் இரண்டுக்கும் வித்தியாசம் கிடையாது, உருவாக்கியவருக்குக் கை கொடுக்க நினைப்பவர்கள் வாங்குவது அது. ஐபோன்காரர்களுக்கு 2024 மே மாதம்தான் இது ஆப்பிளின் ஸ்டோரில் கிடைத்தது.

பிஎஸ்பி கேம்கள் யுஎம்டி என்ற குட்டி டிஸ்க்கில் விற்கப்பட்டன. ஒரு டிஸ்க்கில் அதிகபட்சம் 1.8 ஜிபி. அந்த டிஸ்க்கில் இருப்பதை ஒரு பைட் விடாமல் ஒரே ஃபைலாக நகலெடுத்தால் கிடைப்பது ஐஎஸ்ஓ. எமுலேட்டருக்கு இந்த ஐஎஸ்ஓதான் டிஸ்க்.

இங்கேதான் சிக்கல் தொடங்குகிறது. ஐஎஸ்ஓ 1.6 ஜிபி இருந்தால், தினம் ஒன்றரை ஜிபி டேட்டா பேக் போட்டிருப்பவருக்கு ஒரு நாளில் அது இறங்காது. போனில் இடமும் இருக்காது. அதனால் ஃபைலைச் சுருக்குகிறார்கள். சுருக்குவதில் இரண்டு ஜாதி உண்டு. ஜிப், ரார், செவன்ஜிப் மூன்றும் ஃபைலை ஓரிடத்திலிருந்து இன்னோரிடத்துக்கு அனுப்புவதற்காகச் சுருக்குபவை. சிஎஸ்ஓ, சிஹெச்டி இரண்டும் கேமை ஓட்டுவதற்காகவே சுருக்குபவை. முதல் வகையைப் பிரித்து, உள்ளே இருப்பதை வெளியே எடுத்தால்தான் கேம் ஓடும். இரண்டாவது வகையைப் பிரிக்கவே வேண்டாம், அப்படியே எமுலேட்டரிடம் கொடுத்துவிட வேண்டியதுதான். இரண்டும் ஒன்றுதான் என்று நினைத்துக்கொள்கிறவர்கள்தான் பெரும்பாலும் கடைக்கு வருகிறார்கள்.

ஜிப்புக்குள் இருந்தே ஏன் ஓடாது?

டிஸ்க்கில் வந்த கேம், ஃபைலை முதலிலிருந்து கடைசிவரை வரிசையாகப் படிப்பதில்லை. மெனுப் படம் ஓரிடத்தில் இருக்கும், மூன்றாவது மைதானத்தின் தரை வேறொரு மூலையில் இருக்கும், கைதட்டல் சத்தம் இன்னொரு மூலையில். ஆடுகிற ஆட்டத்துக்குத் தகுந்தபடி அங்கும் இங்கும் தாவித் தாவி எடுத்துக்கொண்டே இருக்கும். ஒரு நொடியில் பல முறை.

1989இல் பில் காட்ஸ் கொண்டுவந்த ஜிப் இந்தத் தாவலுக்கு ஒத்து வராது. அது சுருக்கும் விதம் அப்படி. ஏற்கெனவே வந்த துண்டு மறுபடி வந்தால் அதை முழுதாக எழுதாமல், "இத்தனை பைட் பின்னால் போ, அங்கிருந்து இவ்வளவு எடுத்துக்கொள்" என்று குறிப்பு மட்டும் எழுதி வைக்கும். இடம் மிச்சமாகிறது. ஆனால் நடுவில் ஒரு பக்கத்தைப் படிக்க வேண்டுமென்றால் அதற்கு முன்னால் இருப்பது கையில் இருந்தாக வேண்டும், அதற்கு அதற்கும் முன்னால் இருப்பது வேண்டும்.

உசிலம்பட்டிப் பக்கம் மொய் நோட்டைப் பார்த்தவர்களுக்கு இது சட்டென்று புரியும். வந்த வரிசையில் மொய் எழுதுகிறோம். ஒரே ஊர்க்காரர்கள் சேர்ந்து வந்தால் ஊர்ப் பெயர் இருக்க வேண்டிய இடத்தில் "மேற்படி" என்று போடுகிறோம். அதற்கும் கீழே மேற்படி, அதற்கும் கீழே மேற்படி. எழுதுகிறவருக்குக் கை வலி மிச்சம். ஆனால் முந்நூறாவது ஆளின் ஊரைக் கேட்டால் மேற்படியைப் பிடித்துக்கொண்டே மேலே மேலே போக வேண்டும். அதே நோட்டை, ஒவ்வொரு பக்கத்தின் தலையிலும் ஊரைப் புதிதாக எழுதித் தொடங்கி, அந்தப் பக்கத்துக்குள் மட்டும் மேற்படி போட்டு, யார் எந்தப் பக்கத்தில் என்று முன்னட்டையில் குறித்து வைத்தால்? கேட்ட உடனே அந்தப் பக்கத்தைப் புரட்டிச் சொல்லிவிடலாம். முதல் நோட்டு ஜிப். இரண்டாவது நோட்டு சிஎஸ்ஓ.

கணக்காகச் சொன்னால் இன்னும் தெளிவாகும். டிஸ்க்கில் தகவல் 2048 பைட் கொண்ட துண்டுகளாக இருக்கிறது. சிஎஸ்ஓ வழக்கமாக அந்த ஒவ்வொரு துண்டையும் தனித்தனியாகச் சுருக்கும். 1.6 ஜிபி ஐஎஸ்ஓவில் ஏறக்குறைய எட்டு லட்சம் துண்டுகள். ஒவ்வொன்றும் சுருங்கிய பிறகு எங்கே இருக்கிறது என்று ஃபைலின் முன்னால் ஒரு அட்டவணை. ஒரு துண்டுக்கு 4 பைட் வீதம் வைத்தால் அந்த அட்டவணை 3 எம்பி சொச்சம்தான் வருகிறது. இந்த 3 எம்பி செலவில் எட்டு லட்சம் துண்டுகளில் எதற்கு வேண்டுமானாலும் நேரே போகலாம். எமுலேட்டர் கேட்கிற துண்டை மட்டும் அந்த நொடியில் விரித்துக் கொடுத்துவிடலாம். மொத்தத்தையும் விரித்து வைக்க இடம் வேண்டாம், மெமரியும் வேண்டாம்.

இதற்கு ஒரு விலை உண்டு. பக்கம் தாண்டி மேற்படி போட முடியாததால், அதே கேம் செவன்ஜிப்பில் சுருங்குகிற அளவுக்கு சிஎஸ்ஓவில் சுருங்காது. 333 மெகாஹெர்ட்ஸ் வேகம் கொண்ட பிஎஸ்பி கருவியிலேயே சிஎஸ்ஓ ஓட்டியவர்கள் உண்டு, அங்கே லோடிங் கொஞ்சம் தயங்கும். இன்றைய போன் சிப்புக்கு அது ஒரு வேலையே இல்லை.

சிஹெச்டி, சிஎஸ்ஓவின் பெரியப்பா மகன். காசு போட்டு ஆடுகிற பழைய ஆர்கேட் கேம்களைக் காப்பாற்றி வைக்கிற மேம் என்ற திட்டத்தில் பிறந்தது. அதே துண்டு துண்டான முறைதான், ஆனால் இன்னும் கெட்டியாகச் சுருக்கத் தெரிந்தது. பிபிஎஸ்எஸ்பிபி 2024இல் வந்த 1.17 பதிப்பிலிருந்துதான் சிஹெச்டியைப் படிக்கிறது. ஃபைல் சரியாக இருந்தும் பட்டியலில் வரவில்லை என்றால் முதலில் ஆப்பை அப்டேட் செய்து பாருங்கள்.

போனில் செய்ய வேண்டியது

முதல் வேலை, கேம்களுக்கென்று தனி ஃபோல்டர். டவுன்லோட் ஃபோல்டரிலேயே வைத்துக்கொள்ளலாமே என்று நினைப்பீர்கள். ஆண்ட்ராய்டு 11 வந்த பிறகு அது நடக்காது. இன்டர்னல் ஸ்டோரேஜின் தலைவாசலையும் டவுன்லோட் ஃபோல்டரையும் ஓர் ஆப்புக்கு மொத்தமாகத் திறந்துவிட ஆண்ட்ராய்டு சம்மதிக்காது. பிரைவசிக்காக வேறு ஃபோல்டரைத் தேர்ந்தெடுங்கள் என்று சொல்லிவிடும். இதை எமுலேட்டர் கோளாறு என்று நினைத்து ஆப்பை அழித்து அழித்துப் போடுகிறவர்கள் இருக்கிறார்கள். ஃபைல் மேனேஜரில் புதிதாக ஒரு ஃபோல்டர் உருவாக்கி, கேம்ஸ் என்றோ பிஎஸ்பி கேம்ஸ் என்றோ பெயர் வைத்து, அதைக் காட்டினால் முடிந்தது.

பிபிஎஸ்எஸ்பிபியை முதன்முதலில் திறக்கும்போது, சேவ் ஃபைல்களை எங்கே வைக்கட்டும் என்று கேட்கும். அங்கே உங்கள் ஃபோல்டர் ஒன்றைக் காட்டுங்கள். ஆப்பின் சொந்த இடத்திலேயே வைத்துக்கொள் என்று இன்னொரு வழியும் இருக்கும். அவசரத்தில் பலர் அதைத்தான் தட்டுகிறார்கள். ஆப்பை அன்இன்ஸ்டால் செய்தால் அந்த இடத்தையும் ஆண்ட்ராய்டு சேர்த்துத் துடைத்துவிடும். இரண்டு மாதம் ஆடிய கேரியர் மோடு ஒரு நொடியில் போய்விடும்.

இப்போது பிரிக்கிற வேலை. ஜிப் மட்டும் என்றால் போனோடு வருகிற ஃபைல் மேனேஜரே பெரும்பாலும் போதும். ரார், செவன்ஜிப் இரண்டுக்கும் ஜெட்ஆர்க்கைவர் என்ற ஆப்பைத்தான் நான் எல்லோருக்கும் போட்டுக் கொடுக்கிறேன். மூன்றையும் திறக்கும். ஃபைலைத் தொட்டால் எக்ஸ்ட்ராக்ட் ஹியர் என்று ஒன்று இருக்கும், அந்த ஆர்க்கைவின், அதாவது சுருக்கிய ஃபைலின், பெயரிலேயே ஒரு ஃபோல்டர் போட்டு அதற்குள் பிரிக்கிற வழியும் இருக்கும். உள்ளே பல ஃபைல் இருந்தால் இரண்டாவதைத் தட்டுங்கள். இல்லாவிட்டால் எல்லாம் ஃபோல்டர் முழுக்கச் சிதறிக் கிடக்கும், எது எதோடு வந்தது என்றே தெரியாது.

பிரிப்பதற்கு முன்னால் இடத்தைக் கணக்குப் போட வேண்டும். 900 எம்பி ஜிப்பிலிருந்து 1.6 ஜிபி ஐஎஸ்ஓ வெளியே வந்தால், அந்த நேரத்தில் இரண்டுமே போனில் இருக்கும். ஆக மொத்தம் இரண்டரை ஜிபி. ஜிப் ஏற்கெனவே இறங்கிவிட்டதால் இன்னும் 1.6 ஜிபிக்குமேல் காலியாக இருந்தாக வேண்டும். ஒரு ஜிபிதான் இருக்கிறதென்றால் பிரிப்பது பாதியில் நிற்கும். அந்தப் பாதி ஐஎஸ்ஓ அங்கேயே கிடந்தால் எமுலேட்டர் அதையும் பட்டியலில் காட்டலாம். தட்டினால் கறுப்புத் திரைதான். இப்படி வருகிற போனில் நான் முதலில் பார்ப்பது ஆர்க்கைவுக்குள் அந்த ஃபைலின் அளவு என்ன, வெளியே வந்த ஃபைலின் அளவு என்ன என்பதைத்தான். இரண்டும் ஒரே எண்ணாக இருக்க வேண்டும். சரியாகப் பிரிந்ததும் ஜிப்பை அழித்துவிடலாம்.

சிஆர்சி எரர் என்றோ, ஆர்க்கைவ் பாதியில் முடிகிறது என்ற பொருளிலோ பிழை வந்தால், பெரும்பாலும் ஃபைல் முழுதாக இறங்கவில்லை. ஆப்பை மாற்றிப் பயனில்லை, மறுபடி இறக்குவது ஒன்றே வழி. பார்ட் 1, பார்ட் 2 என்று துண்டாக வந்த ரார் என்றால் எல்லாத் துண்டும் ஒரே ஃபோல்டரில் இருக்க வேண்டும், முதல் துண்டை மட்டும் பிரித்தால் மற்றவற்றை அதுவே தேடி எடுத்துக்கொள்ளும். ஒவ்வொன்றாகப் பிரிக்க உட்கார வேண்டாம்.

பெயரை மாற்றுகிற வித்தை ஒன்று உலவுகிறது. ஃபைலின் வால்பகுதியில் ஜிப் என்று இருப்பதை ஐஎஸ்ஓ என்று மாற்றினால் வேலை முடிந்தது என்கிறார்கள். பெயர்தான் மாறும், உள்ளே இருப்பது ஜிப்பாகவேதான் இருக்கும்.

பிபிஎஸ்எஸ்பிபிக்கு ஜிப் விஷயத்தில் ஒரு நல்ல குணம் உண்டு. ஆப்புக்குள்ளிருந்தே ஒரு ஜிப்பைத் தட்டினால் அதற்குள் கேம் இருக்கிறதா என்று பார்த்து, இன்ஸ்டால் செய்யட்டுமா என்று கேட்கும், முடிந்ததும் ஜிப்பை அழிக்கட்டுமா என்றும் கேட்கும். அதாவது அது ஜிப்பிலிருந்து ஓட்டுவதில்லை, உங்களுக்காகப் பிரித்து வைக்கிறது. ராரும் செவன்ஜிப்பும் என்றால் முடியாது, வெளியே பிரித்துக் கொண்டு வா என்று சொல்லிவிடும்.

பிரித்த பிறகு, கேம்ஸ் பகுதியில் உங்கள் ஃபோல்டருக்குப் போனால் படத்தோடு கேம் நிற்கும். தட்டினால் ஓடும். கிராபிக்ஸ் அமைப்புகளை முதல் நாளே நோண்டாதீர்கள், இருக்கிறபடியே ஓடுகிறதா என்று பார்த்துவிட்டு அப்புறம் அதற்குள் போகலாம். ஐபோனில் ஃபைல்ஸ் ஆப் ஜிப்பைத் தட்டினாலே பிரித்துவிடும்.

ஹைலி கம்ப்ரஸ்டு ஆசை

"அண்ணே, 50 எம்பில அந்த கேம் இருக்காம்ல." வீடியோவின் முகப்பில் பெரிய எழுத்தில் போட்டிருப்பார்கள், அம்புக்குறி வேறு இருக்கும். ஒன்றரை ஜிபி கேம் ஐம்பது எம்பியில் வருமா?

சுருக்குகிற எந்த முறையாக இருந்தாலும் திரும்பத் திரும்ப வருவதைத்தான் சுருக்க முடியும். கேமுக்குள் நிறைய இடத்தைப் பிடிப்பது வீடியோவும் ஒலியும். அவை டிஸ்க்கில் போகும்போதே சுருக்கப்பட்டுத்தான் போயின. திரும்ப வருவதையெல்லாம் ஏற்கெனவே பிழிந்து எடுத்துவிட்டதால் மறுபடி பிழிய ஒன்றும் மிச்சம் இருக்காது. ஒரு ஜிப்பை இன்னொரு முறை ஜிப் செய்து பாருங்கள், அளவு ஏறக்குறைய அப்படியே இருக்கும். சில சமயம் கொஞ்சம் கூடும்கூட.

அதற்காக எல்லாச் சின்ன ஃபைலும் மோசடி என்று சொல்ல மாட்டேன். டிஸ்க்கில் வெற்றிடத்தை நிரப்ப வெறும் பூஜ்யங்களை அடுக்கி வைத்த கேம்கள் உண்டு. பூஜ்யமாக இருந்தால் அத்தனையும் ஒன்றுமில்லாமல் சுருங்கிவிடும். அப்படிப்பட்ட ஐஎஸ்ஓ நியாயமாகவே பாதிக்கும் கீழே போகும். கதை வீடியோக்களையும் பாட்டையும் வெட்டி எறிந்துவிட்டுச் சின்னதாக்கிய ஃபைல்களும் சுற்றுகின்றன. அவை ஓடும், ஆனால் வீடியோ வர வேண்டிய இடத்தில் தொங்கி நிற்கலாம். அது சுருக்கமும் கிடையாது, ஊனம்.

மூன்றாவது ரகம்தான் ஆபத்து. பிரித்தால் பாஸ்வேர்டு கேட்கும். பாஸ்வேர்டுக்கு ஒரு லிங்க். லிங்க்கில் போனால் இந்த ஆப்பை இன்ஸ்டால் செய், இந்த நோட்டிஃபிகேஷனை அனுமதி என்று வரிசையாகக் கேட்கும். கடைசியில் கேமும் வராது. போனை லாக் எடுத்தால் விளம்பரம், கால் பேசி முடித்தால் விளம்பரம் என்று மாறிய பிறகு அந்தப் போன் என் மேஜைக்கு வரும். அதில்தான் அப்பாவின் யுபிஐயும் இருக்கும். எனக்கு அதுதான் பயம். ஒரு விஷயத்தை மட்டும் வைத்து வடிகட்டலாம்: பிஎஸ்பி கேம் என்று சொல்லி இறக்கியதைப் பிரித்தால் உள்ளே ஏபிகே என்கிற ஆண்ட்ராய்டு ஆப் ஃபைலோ, எக்ஸி என்கிற கம்ப்யூட்டர் புரோகிராமோ வந்தால் அது கேம் இல்லை. தொடாமல் அழித்துவிடுங்கள்.

கேம் எங்கிருந்து வருகிறது என்ற கேள்வியையும் தாண்டிப் போக முடியாது. எமுலேட்டர் வைத்திருப்பதில் தப்பில்லை. கேம்களுக்குப் பதிப்புரிமை இருக்கிறது, இருபது வருடம் பழசு என்பதால் அது போய்விடாது. கையில் பிஎஸ்பியும் யுஎம்டியும் இருந்தால் அதிலிருந்தே ஐஎஸ்ஓ எடுக்கலாம். இல்லாதவர்கள், எமுலேட்டர் எப்படி இருக்கும் என்று பார்க்க, பிபிஎஸ்எஸ்பிபிக்குள்ளேயே இருக்கும் ஹோம்புரூ ஸ்டோரிலிருந்து தொடங்கலாம். ஆர்வலர்கள் எழுதி இலவசமாகக் கொடுத்த குட்டி கேம்கள் அங்கே இருக்கின்றன. "கேமையும் நீங்களே போட்டுக் கொடுத்துருங்கண்ணே" என்று கேட்பவர்களிடம் இதைத்தான் சொல்கிறேன். சிலர் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு போகிறார்கள், போகட்டும்.

ஹோம்புரூ பெரும்பாலும் ஐஎஸ்ஓவாக வராது, இபூட் என்ற பெயரில் பிபிபி ஃபைலாக ஒரு ஃபோல்டருக்குள் வரும். அந்த ஃபோல்டரோடு சேர்த்துத்தான் வைக்க வேண்டும்.

பிரிக்கக் கூடாத ஜிப்பும் உண்டு

ஜிப் என்றாலே பிரி என்று இவ்வளவு நேரம் சொன்னேன். டிஸ்க் கேமுக்கு அது சரி. டிஸ்க்குக்குப் பதிலாகச் சிப் வைத்த குட்டிப் பெட்டியில் வந்த கேட்ரிட்ஜ் கேமுக்கு அப்படி இல்லை. நின்டெண்டோவின் கையடக்கக் கருவியான கேம்பாய் அட்வான்ஸின் கேம் எவ்வளவு பெரியது என்றாலும் 32 எம்பியைத் தாண்டுவது அபூர்வம். அவ்வளவு சின்ன ஃபைலை எமுலேட்டர் ஒரே மூச்சில் விரித்து மெமரியில் வைத்துக்கொள்ளும், தாவிப் படிக்கிற பிரச்சினையே வராது. அதனால் பெரும்பாலான கேம்பாய் எமுலேட்டர்கள் ஜிப்பை அப்படியே ஓட்டும். பிரித்தாலும் நஷ்டமில்லை.

ஆர்கேட் கேம்களில் பிரித்தால் நஷ்டம். காசு போட்டு ஆடுகிற அந்தப் பெட்டிகளுக்குள் கேம் ஒரே ஃபைலாக இருந்ததில்லை, பல சிப்களில் துண்டு துண்டாக இருந்தது. மேம் போன்ற எமுலேட்டர்கள் ஒவ்வொரு சிப்புக்கும் ஒரு ஃபைல் என்று நகலெடுத்து எல்லாவற்றையும் ஒரே ஜிப்பில் வைக்கச் சொல்கின்றன. அந்த ஜிப்பின் பெயரை வைத்துத்தான் இது எந்தப் பெட்டி என்றே அவை கண்டுபிடிக்கின்றன. பிரித்தாலும் சிக்கல், பார்க்க அழகாக இருக்கட்டும் என்று பெயரை மாற்றினாலும் சிக்கல். அந்தப் பெயர் சுருக்கமாக, வாயில் நுழையாமல் இருக்கும். இருக்கட்டும், விட்டுவிடுங்கள்.

பிளேஸ்டேஷன் ஒன்று கேம்கள் வேறு வகைத் தலைவலி. அவை சிடியில் வந்தவை. பிரித்தால் பின் என்று ஒரு பெரிய ஃபைலும் கியூ என்று ஒரு பொடி ஃபைலும் வரும். பாட்டுகள் தனித்தனி டிராக்காக இருந்தால் பத்து இருபது பின் ஃபைல்கள்கூட வரும். கியூ ஒரு சாதாரண டெக்ஸ்ட் ஃபைல். எந்த டிராக் எந்த பின் ஃபைலில் இருக்கிறது என்று மட்டும் அதில் எழுதியிருக்கும். சின்னதாக இருக்கிறதே, குப்பை என்று நினைத்து அதை அழித்துவிட்டு வருகிறவர்கள் உண்டு. பின் ஃபைலின் பெயரை மட்டும் மாற்றிவிட்டு வருகிறவர்களும் உண்டு. கியூவுக்குள் பழைய பெயர்தானே இருக்கிறது, எமுலேட்டர் எதைத் தேடும்? கியூவை ஏதாவது நோட்பேடில் திறந்து அங்கேயும் பெயரை மாற்றினால் சரியாகிவிடும். எமுலேட்டரில் தட்ட வேண்டியது கியூவைத்தான், பின்னை இல்லை.

இந்தக் கேம்களுக்கு சிஹெச்டி பெரிய நிம்மதி. அத்தனை பின்னும் கியூவும் சேர்ந்து ஒரே ஃபைலாகிவிடும். சிடிப் பாட்டுகளை ஒலிக்கென்றே இருக்கும் ஃபிளாக் முறையில் சுருக்குவதால் தரம் குறையாமல் இடமும் மிச்சமாகும். அழிக்கவும் பெயர் மாற்றவும் பொடி ஃபைல் எதுவும் மிஞ்சாது.

ஐஎஸ்ஓவை நீங்களே சுருக்க

இதைக் கம்ப்யூட்டரில் செய்வதுதான் வசதி. சிஎஸ்ஓவுக்கு மேக்ஸ்சிஎஸ்ஓ என்ற சின்ன புரோகிராம் இருக்கிறது, பிபிஎஸ்எஸ்பிபியில் வேலை செய்த ஒருவரே எழுதியது. ஐஎஸ்ஓவை இழுத்து அதன்மேல் போட்டால் பக்கத்திலேயே சிஎஸ்ஓ வந்து உட்காரும். சிஹெச்டிக்கு மேமோடு சேர்ந்து வருகிற சிஹெச்டிமேன். இதில் கட்டளை தட்ட வேண்டும். பிளேஸ்டேஷன் ஒன்று கேமுக்கு கிரியேட்சிடி (createcd) என்ற கட்டளை, பிஎஸ்பிக்கும் டிவிடியில் வந்த பிளேஸ்டேஷன் டூ கேம்களுக்கும் கிரியேட்டிவிடி (createdvd). பிஎஸ்பி ஐஎஸ்ஓவுக்கு கிரியேட்சிடி போட்டாலும் ஒரு ஃபைல் வரும்தான், ஆனால் பிபிஎஸ்எஸ்பிபியில் அது சரியாக ஓடாமல் போகலாம். பழைய சிஹெச்டிமேனில் கிரியேட்டிவிடியே இருக்காது, புதிய பதிப்பாக இறக்கிக்கொள்ளுங்கள்.

இரண்டில் எது என்று கேட்டால், பிஎஸ்பிக்கு மட்டும் என்றால் சிஎஸ்ஓவே போதும் என்பேன். பழைய பதிப்பு எமுலேட்டரிலும் ஓடும், மறுபடி ஐஎஸ்ஓ ஆக்குவதும் சுலபம். சிடி, டிவிடி கேம்கள் நிறைய வைத்திருப்பவர்கள் சிஹெச்டிக்குப் போகலாம். எல்லா கேமும் ஒரே மாதிரி சுருங்கும் என்று எதிர்பார்க்க வேண்டாம். வீடியோ நிறைய உள்ள கேம் கொஞ்சம்தான் இறங்கும்.

மெமரி கார்டு போடுகிறவர்களுக்கு ஒன்று. 32 ஜிபி வரையிலான கார்டுகள் வழக்கமாக ஃபேட்32 முறையில் இருக்கும். அதில் ஒரு ஃபைல் 4 ஜிபியைத் தொட முடியாது. பிஎஸ்பி கேம் எதுவும் அந்த அளவுக்கு வராது, கவலை இல்லை. பிளேஸ்டேஷன் டூவின் சாதாரண டிவிடியே 4.7 ஜிபி வரை போகும், இரட்டை அடுக்கு டிவிடி அதையும் தாண்டும். கார்டில் பத்து ஜிபி காலியாக இருந்தும் இடமில்லை என்று காப்பி நின்றால் காரணம் இதுதான். ஃபைலை சிஹெச்டியாக்கி 4 ஜிபிக்குக் கீழே கொண்டுவரலாம். இல்லையென்றால் கார்டில் இருப்பதையெல்லாம் வேறிடத்தில் வைத்துக்கொண்டு, இந்த 4 ஜிபி வரம்பு இல்லாத எக்ஸ்ஃபேட் முறையில் ஃபார்மேட் செய்யலாம்.

மாற்றினால் சேவ் போய்விடுமா என்று எல்லோரும் கேட்கிறார்கள். பிபிஎஸ்எஸ்பிபி, கேமுக்குள் நீங்கள் செய்கிற சேவை டிஸ்க்கின் அடையாள எண்ணை வைத்துத்தான் சேவ்டேட்டா ஃபோல்டருக்குள் போட்டு வைக்கிறது. ஐஎஸ்ஓ சிஎஸ்ஓவாக மாறினாலும் ஃபைலுக்கு நீங்கள் தமிழிலேயே பெயர் வைத்தாலும் எண் மாறாது, அதனால் சேவும் நிற்கும். பல கருவிகளின் கேம்களை ஒரே ஆப்பில் ஓட்டுகிற ரெட்ரோஆர்க் அப்படி இல்லை. அங்கே கேம் ஃபைலின் பெயரும் சேவ் ஃபைலின் பெயரும் ஒன்றாக இருக்க வேண்டும். கேமின் பெயரை மாற்றினால் சேவின் பெயரையும் அதேபோல மாற்றுங்கள்.

புதிய சிஎஸ்ஓவைப் போனில் போட்டதும் உடனே ஐஎஸ்ஓவை அழித்துவிட வேண்டாம். கேமைத் திறந்து, பழைய சேவ் வருகிறதா என்று பார்த்து, ஒரு மேட்சோ ஒரு லெவலோ ஆடி, புதிதாக ஒரு சேவும் போட்டுவிட்டு அப்புறம் அழியுங்கள்.